முகம் உப்பினால் பனி என்று விட்டுவிடாதீர்கள்

கோத்தகிரியில் 27 வருடமாகப் பொது மருத்துவம் பார்க்கிறேன். சிறுநீரக நிபுணர் இல்லை. ஆனால் இந்த மலையில் ஒருவரை நிபுணரிடம் அனுப்புவதா வேண்டாமா என்று முதலில் முடிவெடுப்பது என்னைப் போன்றவர்கள்தான். இந்த மாதம் வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் சிறுநீரில் புரதம் போவதைப் பற்றியும், ‘எஃப்.எஸ்.ஜி.எஸ்.’ என்ற நான்கெழுத்து நோயைப் பற்றியும் இருந்தன. அதனால் இந்தப் பகுதி முழுவதையும் அதற்கே ஒதுக்கிவிட்டேன்.

கேள்வி: என் மகனுக்கு 19 வயது. கோவையில் விடுதியில் தங்கிப் படிக்கிறான். இரண்டு மாதமாகக் காலையில் கண்ணிமை உப்பியிருக்கும், மதியத்துக்குள் வடிந்துவிடும். விடுதிச் சாப்பாடு ஒத்துக்கொள்ளவில்லை என்று நினைத்தோம். பிறகு காலும் வீங்கிவிட்டது. பயாப்ஸி செய்து எஃப்.எஸ்.ஜி.எஸ். என்று எழுதிக் கொடுத்திருக்கிறார்கள். ஆனால் கிரியாட்டினின் 0.9, நார்மல் என்கிறார்கள். கிட்னி நன்றாக இருக்கிறதா, கெட்டுவிட்டதா? யாரும் தெளிவாகச் சொல்ல மாட்டேன் என்கிறார்கள்.
– ஒரு தாய், மஞ்சூர் அருகில்

பதில்: அம்மா, உங்கள் குழப்பம் நியாயமானது. இரண்டு ரிப்போர்ட் இரண்டு கதை சொல்வது போலத் தெரிகிறது. இரண்டுமே உண்மைதான்.

ஒவ்வொரு சிறுநீரகத்திலும் ஏறக்குறைய 10 லட்சம் வடிகட்டிகள் இருக்கின்றன. குளோமெருலஸ் என்று பெயர். நுண்ணிய ரத்தக்குழாய்களைப் பந்தாகச் சுருட்டி வைத்தது போல இருக்கும். இவை எல்லாம் சேர்ந்து ஒரு நாளைக்குச் சுமார் 180 லிட்டர் நீரை வடிக்கின்றன. அதில் ஒன்றரை லிட்டர் அளவுக்குத்தான் சிறுநீராக வெளியே வருகிறது, மற்றதை உடல் திரும்ப எடுத்துக்கொள்கிறது. வடிகட்டியின் வெளிப்பக்கத்தைப் போடோசைட் என்ற செல்கள் கவ்விப் பிடித்திருக்கின்றன. இரண்டு கை விரல்களைக் கோத்துக்கொண்டால் நடுவில் சிறு இடுக்கு இருக்குமே, அப்படி இவற்றின் பாதங்கள் கோத்திருக்கும். அந்த இடுக்கு வழியாக நீர் போகும், ஆல்புமின் என்ற புரதம் போகாது. இந்தச் செல் செத்துவிட்டால் உடல் அதற்குப் பதிலாகப் புதிதாக ஒன்றைச் சுலபத்தில் உண்டாக்குவதில்லை. செல் உதிர்ந்த இடம் ஒட்டிக்கொண்டு தழும்பாகிவிடும்.

எஃப்.எஸ்.ஜி.எஸ். என்பதன் விரிவு ஃபோக்கல் செக்மென்டல் குளோமெருலோஸ்கிளீரோசிஸ். அந்த நீளமான பெயரை உங்கள் ஊர்த் தேயிலைத் தோட்டத்தில் வைத்துச் சொல்கிறேன். தோட்டம் முழுவதும் கருகவில்லை, சில செடிகள் மட்டும் கருகியிருக்கின்றன. அதுதான் ஃபோக்கல். கருகிய செடியிலும் ஒரு கிளை மட்டும்தான் கருகியிருக்கிறது. அது செக்மென்டல். அந்தக் கிளை விறைத்துக் கட்டையாகிவிட்டது. அது ஸ்கிளீரோசிஸ். மீதிச் செடிகள் இன்னும் கொழுந்து விடுகின்றன. கிரியாட்டினின் என்பது சிறுநீரகம் ரத்தத்திலிருந்து வெளியேற்ற வேண்டிய ஒரு கழிவு. அது 0.9 என்று காட்டுவது அந்த மீதிச் செடிகளின் உழைப்பு. பொதுவாகச் சிறுநீரகத்தின் வேலைத்திறன் பாதியளவு குறையும் வரை கிரியாட்டினின் பெரிதாக ஏறிக் காட்டாது. ஆகவே மகனின் கிட்னி ‘போய்விட்டது’ என்று பக்கத்து வீட்டார் சொன்னால் நம்ப வேண்டாம். நார்மல்தானே என்று மருந்தை ஒத்திப்போடவும் வேண்டாம். கசிவைக் கட்டுப்படுத்த இதுதான் நல்ல நேரம்.

வீக்கம் எப்படி வருகிறது? ஆல்புமின் வெளியேறிவிட்டால் ரத்தக்குழாயால் நீரைப் பிடித்து வைக்க முடிவதில்லை. சிறுநீரகமும் உப்பை வெளியே விடாமல் தேக்கிக்கொள்கிறது. இரவில் படுத்திருக்கும்போது அந்த நீர் கண்ணிமை போன்ற தளர்ந்த இடத்தில் தேங்கும். எழுந்து நடமாடினால் காலுக்கு இறங்கிவிடும். காலையில் முகம், மாலையில் கால் என்று மாறி மாறி வருவது இதனால்தான்.

இப்போது முக்கியமான விஷயம். எஃப்.எஸ்.ஜி.எஸ். என்பது நுண்ணோக்கியில் கண்ட தழும்பின் பெயர். அந்தத் தழும்பை உண்டாக்கியது எது என்று அந்தப் பெயர் சொல்லாது. ரத்தத்தில் சுற்றும் ஏதோ ஒரு பொருள் போடோசைட்டைத் தாக்குவதால் வரலாம். பிறவி மரபணுக் கோளாறால் வரலாம். உடல் பருமன், ஒற்றைச் சிறுநீரகம், குறைந்த எடையில் பிறந்தது போன்ற காரணங்களால் இருக்கிற வடிகட்டிகள் மேல் பாரம் கூடியும் வரலாம். எச்.ஐ.வி. போன்ற கிருமி, உடற்பயிற்சிக் கூடங்களில் சிலர் போட்டுக்கொள்ளும் அனபாலிக் ஸ்டீராய்டு ஊசி, சில மருந்துகள் ஆகியவையும் காரணமாகலாம். ஒவ்வொன்றுக்கும் வைத்தியம் வேறு. அடுத்த முறை நிபுணரிடம் போகும்போது, “டாக்டர், இது எந்த வகை என்று நினைக்கிறீர்கள், ஏன்?” என்று கேளுங்கள். மகனை உட்கார வைத்து, ஜிம்முக்குப் போகிறானா, ஊசி, பவுடர் ஏதாவது எடுத்தானா என்று திட்டாமல் கேளுங்கள். திட்டினால் சொல்ல மாட்டான்.

கிடுகிடுவென்று வீங்கி, நாளைக்கு 3.5 கிராமுக்கு மேல் புரதம் போய், ரத்தத்தில் ஆல்புமினும் இறங்கியிருந்தால் பெரும்பாலும் முதல் வகையாக எடுத்துக்கொண்டு பிரெட்னிசோலோன் என்ற ஸ்டீராய்டு மாத்திரை தொடங்குவார்கள். ஜிம் ஊசியில் இருக்கும் ஸ்டீராய்டு வேறு, இது வேறு. உடல் எடையில் கிலோவுக்கு 1 மில்லிகிராம் கணக்கு, அதிகபட்சம் 80. சில சமயம் 16 வாரம் வரை முழு அளவில் கொடுத்துப் பார்ப்பார்கள். முகம் உருண்டையாகும், பரு வரும், பசி எடுக்கும், தூக்கம் கெடும். இந்த வயதுப் பையன்கள் கண்ணாடியைப் பார்த்துவிட்டுத் தாங்களாகவே மாத்திரையை நிறுத்திவிடுகிறார்கள். அது ஆபத்து. ஸ்டீராய்டைத் திடீரென்று நிறுத்தவே கூடாது, படிப்படியாகத்தான் இறக்க வேண்டும். வீட்டில் யாருக்காவது காசநோய் வந்திருந்தால் மாத்திரை தொடங்கும் முன்பே சொல்லிவிடுங்கள். ஸ்டீராய்டு கேட்கவில்லை என்றால் டாக்ரோலிமஸ் அல்லது சைக்ளோஸ்போரின் இருக்கிறது. அதுவும் ஒத்துவராத இளம் வயதினருக்கு மரபணுச் சோதனை செய்வது நல்லது. மரபணு வகைக்கு ஸ்டீராய்டு பெரும்பாலும் வேலை செய்யாது, பக்கவிளைவு மட்டும்தான் மிஞ்சும்.

எந்த மருந்தானாலும் கவனிக்க வேண்டியது சிறுநீரில் போகும் புரதம். அது நாளைக்கு 0.3 கிராமுக்குக் கீழே வந்துவிட்டால் முழுத் தணிவு என்பார்கள். பாதியாகக் குறைந்து 3.5 கிராமுக்குக் கீழே வந்தாலும் பெரிய லாபம்தான். அந்த அளவு இறங்கினவர்களின் சிறுநீரகம் இறங்காதவர்களைவிட வெகுகாலம் தாங்குகிறது. ஒரு நோட்டில் தேதி போட்டு எடை, ரத்த அழுத்தம், புரத அளவு மூன்றையும் எழுதி வரச் சொல்லுங்கள். ஒரு கால் மட்டும் அதிகமாக வீங்கி வலித்தாலோ, திடீரென்று மூச்சு வாங்கினாலோ, வயிற்று வலியோடு காய்ச்சல் வந்தாலோ அன்றைக்கே மருத்துவமனைக்குப் போக வேண்டும். ஆல்புமின் குறைந்த உடலில் ரத்தம் உறைவதும், தொற்று பரவுவதும் சுலபம்.

கேள்வி: சிறுநீரில் நுரை வந்தாலே இந்த நோய்தானா?
– வாசகர், கூடலூர்

பதில்: இல்லை. வேகமாகப் போனாலும் நுரை வரும், கழிவறையில் ஊற்றிய சோப்புத் தண்ணீராலும் வரும். அந்த நுரை உடைந்து மறைந்துவிடும். புரத நுரை பீர் நுரை போலப் பொடிப்பொடியாகப் படிந்து, தண்ணீர் ஊற்றினாலும் மிச்சம் நிற்கும். நம் சித்த மருத்துவர்கள் நீர்க்குறி பார்க்கும்போது நிறம், எடை, மணம், நுரை, எஞ்சல் என்று ஐந்தைப் பார்த்தார்கள். நுரைக்கு அன்றே ஒரு இடம் கொடுத்திருக்கிறார்கள்.

கண்ணால் பார்த்து முடிவு செய்ய வேண்டாம். காலை முதல் சிறுநீரில் ஒரு சோதனைப் பட்டையை நனைத்தால் ஒரு நிமிடத்தில் மஞ்சள் நிறம் பச்சையாக மாறிக் காட்டிவிடும். காய்ச்சலிலும் கடும் உழைப்புக்குப் பிறகும் கொஞ்சம் புரதம் போகலாம். அதனால் ஒன்றிரண்டு வாரம் கழித்து மறுபடி பாருங்கள். மறுபடியும் காட்டினால் புரத–கிரியாட்டினின் விகிதம் என்ற சோதனை எழுதிக் கேளுங்கள். நம் குளிரில் தாகமே தெரியாமல் சிறுநீர் கெட்டியாகிவிடும், பட்டை கூடுதலாகக் காட்டும். விகிதத்தில் அந்தத் தடுமாற்றம் இல்லை.

கேள்வி: நான் கொழுந்து பறிக்கும் வேலை. வயது 38. சாயங்காலம் கால் வீங்குகிறது, சாக்ஸ் தடம் ஆழமாகப் பதிகிறது. குளிர்காலத்தில் முகமும் உப்பும். பனிக்கு அப்படித்தான் ஆகும் என்கிறார்கள். ரத்தம் கம்மி என்று சத்து மாத்திரை தந்தார்கள். குறையவில்லை.
– வாசகி, குன்னூர் வட்டம்

பதில்: உங்கள் கடிதத்தை மூன்று முறை படித்தேன். நான் வேலைக்கு வந்த இரண்டாவது வருடம் இதே போல ஒரு பெண் வந்தார். 34 வயது, அவரும் கொழுந்து பறிப்பவர். கால் வீக்கம், வெளுத்த முகம், ஹீமோகுளோபின் 8. ரத்தசோகை வீக்கம் என்று இரும்புச்சத்து மாத்திரை எழுதி அனுப்பிவிட்டேன். சிறுநீரைப் பார்க்கவில்லை. ஏழெட்டு மாதம் கழித்து மேடு ஏற முடியாமல் மூச்சு வாங்கிக்கொண்டு திரும்பி வந்தார். அன்றைக்குச் சோதனைக்குழாயில் சிறுநீரை எடுத்து விளக்கில் காட்டினேன். முட்டை வெள்ளைக்கரு வெந்தது போலத் திரண்டு வெளுத்தது. கிரியாட்டினின் 4 தாண்டியிருந்தது. அதற்குப் பிறகு மூன்று வருடம் வாரம் இரண்டு முறை டயாலிசிஸுக்குக் கோவைக்கு இறங்கி ஏறினார். முதல் நாளே அந்த ஐந்து நிமிடச் சோதனையைச் செய்திருந்தால் அத்தனை மாதத்தை இழந்திருக்க மாட்டார். அது என் தவறு. அன்றிலிருந்து வீக்கம் என்று யார் வந்தாலும் சிறுநீரைப் பார்க்காமல் நான் மருந்து எழுதுவதில்லை.

பனிக்கு முகம் உப்பாது அம்மா. முழங்காலுக்குக் கீழே முன்பக்க எலும்பின் மேல் கட்டைவிரலால் பத்து எண்ணும் வரை அழுத்துங்கள். விரலை எடுத்தபின் குழி நின்றால் அது நீர். நாள் முழுக்கச் சரிவில் நின்றால் வரும் கால் வீக்கமும் உண்டு, இதயம், தைராய்டு, கல்லீரல் காரணங்களும் உண்டு. முகமும் சேர்ந்து உப்பினால் சிறுநீரைத்தான் முதலில் பார்க்க வேண்டும். அருகில் உள்ள ஆரம்ப சுகாதார நிலையத்துக்குப் போய், “என் யூரினில் ஆல்புமின் பாருங்கள், பிரஷர் பாருங்கள்” என்று இதே வார்த்தையில் கேளுங்கள். வெட்கப்பட வேண்டாம். ஒரு நாள் கூலி போகும்தான். அந்த ஒரு நாளை இதற்காகக் கொடுங்கள்.

இன்னொன்று. இடுப்பு வலி, தோள் வலிக்கு மருந்துக் கடையில் டைக்ளோஃபினாக் வாங்கிப் போடுகிறீர்களா? கூடையும் மூட்டையும் சுமக்கிறவர்கள் பலர் அதைத் தினமும் போடுகிறார்கள். சோதனை முடிவு வரும் வரை அதை நிறுத்துங்கள். தேவையானால் பாராசிட்டமால் போதும். முகம் வெளுப்பாக்கும் க்ரீம் பூசினால் அதையும் சொல்லுங்கள். சிலவற்றில் பாதரசம் இருக்கிறது, அதுவும் வடிகட்டியைக் கசிய வைக்கும்.

கேள்வி: தேயிலைத் தொழிற்சாலையில் வேலை, வயது 41, எடை 104 கிலோ. இன்ஷூரன்ஸ் சோதனையில் யூரின் புரதம் 2 பிளஸ். வீக்கம் எதுவும் இல்லை. எஃப்.எஸ்.ஜி.எஸ். ஆக இருக்கலாம் என்கிறார் டாக்டர், ஆனால் ஸ்டீராய்டு தரவில்லை. சரியா?
– வாசகர், கோத்தகிரி

பதில்: சரிதான், உங்கள் டாக்டர் நிதானமானவர். எடை கூடும்போது ஒவ்வொரு வடிகட்டியும் தன் சக்திக்கு மேல் வேலை செய்து பெருத்துவிடுகிறது. விரியும் பந்தின் மேல் போடோசைட்டின் பிடி நெகிழ்ந்து உதிர்கிறது. இந்த வகையில் புரதம் மெதுவாக ஏறும், ரத்த ஆல்புமின் பெரும்பாலும் சரியாகவே இருக்கும், வீக்கமும் இருக்காது. ஸ்டீராய்டு கொடுத்தால் எடையும் சர்க்கரையும் கூடி நிலைமை மோசமாகும்.

உங்களுக்குத் தேவை வடிகட்டிக்குள் இருக்கும் அழுத்தத்தைக் குறைப்பது. லோசார்டன், டெல்மிசார்டன், எனலாப்ரில் இந்த வகை மாத்திரைகள் அதைச் செய்யும். உங்களுக்கு பிரஷர் இல்லாவிட்டாலும் தரலாம். தொடங்கி ஒன்றிரண்டு வாரத்தில் கிரியாட்டினினும் பொட்டாசியமும் பார்க்க வேண்டும். கிரியாட்டினின் கொஞ்சம் ஏறினால் பயந்து நிறுத்திவிடாதீர்கள், 30 சதவீதம் வரை ஏறுவதை ஏற்றுக்கொள்ளலாம். வாந்தி பேதி வந்த நாட்களில் மட்டும் டாக்டரைக் கேட்டுத் தற்காலிகமாக நிறுத்துங்கள். கர்ப்பமாக இருப்பவர்களுக்கு இந்த மாத்திரைகள் கூடவே கூடாது. டாபாகிளிஃப்ளோசின் போன்ற மாத்திரையும் இப்போது பலருக்குச் சேர்க்கிறார்கள்.

எடையில் பத்துக் கிலோ குறைந்தாலே புரதம் இறங்குவதைப் பார்த்திருக்கிறேன். ராத்திரி பலமாகக் குறட்டை விட்டால் அதையும் டாக்டரிடம் சொல்லுங்கள். அம்மா இருந்தால், பிறக்கும்போது நீங்கள் எத்தனை எடை என்று கேட்டுப் பாருங்கள். சிறிதாகப் பிறந்தவர்களுக்கு வடிகட்டிகளின் எண்ணிக்கையே குறைவு. ஒரு ஸ்கேன் எடுத்து இரண்டு சிறுநீரகமும் இருக்கிறதா, அளவு சரியா என்றும் பார்த்துவிடுங்கள்.

கேள்வி: பயாப்ஸி ஊசி போட்டால் கிட்னி கெட்டுவிடும் என்று மாமியார் தடுக்கிறார். ஒரு முறை செய்து ‘தழும்பு இல்லை’ என்று வந்தால் இந்த நோய் இல்லை என்று எடுத்துக்கொள்ளலாமா?
– வாசகி, உதகை

பதில்: கெடாது. குப்புறப் படுக்க வைத்து, வயிற்றுக்கு அடியில் ஒரு தலையணை வைத்து, மரத்துப்போக ஊசி போட்டு, ஸ்கேனில் பார்த்துக்கொண்டே எடுப்பார்கள். “மூச்சைப் பிடிங்க” என்பார்கள், டக் என்று ஒரு சத்தம் கேட்கும். பென்சில் முனை போன்ற மெல்லிய இழை இரண்டோ மூன்றோ எடுப்பார்கள். லட்சக்கணக்கான வடிகட்டிகளில் இருபது முப்பது மட்டுமே போகும். பயம் ரத்தக்கசிவு ஒன்றுதான். அதனால் முன்கூட்டியே பிரஷரைக் கட்டுப்படுத்தி, ஆஸ்பிரின் போன்றவற்றை நிறுத்துவார்கள். பிறகு ஆறு மணி நேரமாவது மல்லாந்து படுத்திருக்க வேண்டும். ஓரிரு முறை சிறுநீர் சிவந்து போகலாம். அன்று மாலையே மலைப் பேருந்தில் வளைவுகளில் குலுங்கிக்கொண்டு வந்துவிடாதீர்கள். கீழே ஒரு இரவு தங்குங்கள்.

இரண்டாவது கேள்வி கூர்மையானது. தழும்பு சில வடிகட்டிகளில் மட்டும் இருப்பதால் ஊசிக்கு அகப்படாமலே போகலாம். 1957-இல் ஆர்னால்ட் ரிச் என்ற அமெரிக்க நோய்க்குறியியல் மருத்துவர், இந்த நோயால் இறந்த குழந்தைகளின் சிறுநீரகங்களைப் பார்த்து, தழும்பு முதலில் ஆழத்தில் உள்ள வடிகட்டிகளில்தான் தொடங்குகிறது என்று எழுதினார். மேலோட்டமாக எடுத்த துண்டில் அது இருக்காது. ‘மினிமல் சேஞ்ச்’, அதாவது புரதம் கசிந்தாலும் தழும்பு தெரியாத நோய், என்று ரிப்போர்ட் வந்து, ஸ்டீராய்டுக்கும் கேட்காமல் இழுத்துக்கொண்டே போனால் மறு பயாப்ஸி கேட்பதில் தவறில்லை. மாமியாரையும் ஒரு முறை டாக்டரிடம் அழைத்துப் போங்கள். நேரில் கேட்டால் அவருடைய பயம் குறையும்.

கேள்வி: புரதம் போகிறதே என்று தினம் ஆறு முட்டை வெள்ளைக்கரு கொடுக்கிறேன். உப்பை நிறுத்தி இந்துப்பு போடுகிறேன். தேநீர் நிறுத்த வேண்டுமா?
– வாசகி, அருவங்காடு

பதில்: வெள்ளைக்கருவைக் கொட்டிக் கொடுத்தால் அதுவும் வடிகட்டிக்குப் பாரம்தான். கிலோவுக்கு 0.8-லிருந்து 1 கிராம் புரதம் போதும், பருப்பும் முட்டையும் மீனும் அளவாகச் சேர்த்தால் வந்துவிடும். இந்துப்பும் உப்புதான். எந்த உப்பானாலும் நாளைக்கு மொத்தம் ஒரு தேக்கரண்டி, அதாவது 5 கிராம், அதுவும் ஊறுகாய், அப்பளம், கருவாடு, வர்க்கி எல்லாவற்றிலும் இருப்பதைச் சேர்த்து. பொட்டாசியம் கலந்த ‘குறை சோடியம்’ உப்பு வேண்டாம். லோசார்டன் வகை மாத்திரை சாப்பிடுபவருக்கு அது இதயத்தையே நிறுத்தும் அளவுக்கு ஆபத்தாகலாம். தேநீர் தாராளமாகக் குடிக்கட்டும். வீக்கம் இருக்கும்போது மட்டும் மொத்த நீர் அளவை டாக்டர் சொன்னபடி வைத்துக்கொள்ளுங்கள்.

கேள்வி: என் தம்பிக்கு 26 வயது. எஃப்.எஸ்.ஜி.எஸ். முற்றி டயாலிசிஸில் இருக்கிறான். நான் கிட்னி கொடுக்கத் தயார். ஆனால் மாற்றிய கிட்னியிலும் இதே நோய் வரும் என்கிறார்களே?
– ஒரு அக்கா, குந்தா

பதில்: வரலாம். ரத்தத்தில் சுற்றும் பொருளால் வரும் முதல் வகையில் ஏறக்குறைய மூன்றில் ஒருவருக்குத் திரும்ப வருகிறது. சிலருக்குச் சில மணி நேரத்திலேயே சிறுநீரில் புரதம் கொட்டத் தொடங்கிவிடும். ரத்தத்தின் நீர்ப்பகுதியான பிளாஸ்மாவை மாற்றும் சிகிச்சையால் ஒரு பகுதியினருக்கு அடங்குகிறது. மரபணு வகை என்றால் திரும்பி வரும் வாய்ப்பு மிகக் குறைவு, ஆனால் அங்கே வேறொரு கவலை இருக்கிறது. அதே மரபணு அக்காவான உங்களிடமும் இருக்கலாம். இருந்தால் நீங்கள் கொடுக்கக் கூடாது. மிஞ்சும் ஒற்றைச் சிறுநீரகத்தில் உங்களுக்கே நோய் வரக்கூடும்.

ஆக, தம்பிக்கு எந்த வகை என்று தெரியாமல் அறுவைக்குத் தேதி குறிக்காதீர்கள். அவர் பழைய பயாப்ஸி ரிப்போர்ட், ஸ்டீராய்டு கொடுத்தபோது புரதம் குறைந்ததா என்ற குறிப்பு, எத்தனை வருடத்தில் டயாலிசிஸுக்கு வந்தார் என்ற விவரம் மூன்றையும் எடுத்துக்கொண்டு மாற்று அறுவை செய்யும் நிபுணரிடம் போங்கள். மரபணுச் சோதனை வேண்டுமா என்று கேளுங்கள். இதற்கிடையில் இறந்தவர் தானத்துக்காகத் தமிழக அரசின் டிரான்ஸ்டான் பட்டியலில் தம்பியின் பெயரைப் பதிவு செய்யச் சொல்லுங்கள். முதலமைச்சர் காப்பீட்டுத் திட்ட அட்டை கையில் இருக்கட்டும், டயாலிசிஸுக்கும் மாற்று அறுவைக்கும் அதில் உதவி உண்டு.

கொடுக்கத் தயார் என்று நீங்கள் எழுதிய வரியைப் படித்துக் கண் கலங்கினேன். ஆனால் முதலில் இந்த வாரமே உங்கள் சிறுநீரைச் சோதித்துக்கொள்ளுங்கள், காலை முதல் சிறுநீர். பிரஷரும் பார்த்துக்கொள்ளுங்கள். முடிவு வந்ததும் எனக்கு எழுதுங்கள்.